ஒரு சாண் உயர்ந்த வெள்ளம்

1817-ஆம் ஆண்டு வெள்ளத்தை டெட்லெஃப் ஹார்ம்ஸ் ஒரு சாண் உயர்த்திவிட்டார்.

வேண்டுமென்று செய்யவில்லை. இம்மன்ஹோர்ன் துறைச் சுவரோரம் நிற்கும் பழைய சுங்க வீட்டுக்கு வெள்ளையடிக்கிற வேலை அவருக்கு வந்தது. அந்த வெள்ளத்தின் உயரத்தைக் காட்டும் பித்தளைத் தகட்டைச் சுவரிலிருந்து கழற்றினார். இருந்த இடத்தைப் பென்சிலால் கோடு போட்டுக் குறித்தார். பிறகு திருகு ஓட்டைகளைப் பட்டி வைத்து அடைத்து, பென்சில் கோட்டின் மேலேயே இரண்டு பூச்சு அழகாக அடித்தார். முப்பது வருடம் தூரிகை பிடித்தவர் செய்கிற காரியம். தகடு தன் தாடைக்கு நேராக இருந்தது ஞாபகம் வந்தது. தாடைக்கு நேராகவே முடுக்கினார். கழற்றும்போது தரையில் நின்றோம், இப்போது ஒரு பெயிண்ட் டப்பாவின் மேல் நிற்கிறோம் என்பது மட்டும் ஞாபகத்துக்கு வரவில்லை.

வேறு ஊராக இருந்தால் ஒரு சாண்தானே என்று விட்டிருப்பார்கள். இம்மன்ஹோர்னுக்கு அது பெரிய விஷயம். காரணம், ஜெர்மனியின் போடன் ஏரியில் அதே கரையில், ஒரு மணி நேரம் துடுப்புப் போட்டால் வந்துவிடுகிற ஆல்டன்பாக் என்ற ஊர். அந்த வெள்ளத்தில் இரண்டு ஊரும் மூழ்கின, இரண்டும் பட்டினி கிடந்தன, ஒன்று மற்றதற்குப் படகில் ரொட்டி அனுப்பியது. எது எதற்கு அனுப்பியது என்பதில்தான் தகராறு. கடைசியில் ஒரு விதி செய்தார்கள்: ஜூலை முதல் ஞாயிறு இரண்டு படகும் நடுவழியில் சந்திக்க வேண்டும், குறைவாக மூழ்கிய ஊர், அதிகம் மூழ்கிய ஊருக்கு ரொட்டி கொடுக்க வேண்டும். ஏரிக்கு இரண்டு மட்டம் கிடையாது என்பதால், இருநூறு வருடமாக இரண்டு ஊரும் கொடுத்து, இரண்டு ஊரும் வாங்கி, கொஞ்ச நேரம் திட்டிக்கொண்டு வீடு திரும்பின.

இப்போது இம்மன்ஹோர்ன் ஒரு சாண் அதிகம் மூழ்கியிருக்கிறது; இனி ஆல்டன்பாக்தான் கொடுக்க வேண்டும். ஊரே நெஞ்சை நிமிர்த்தி நடந்தது.

டெட்லெஃப் மட்டும் தலையைக் குனிந்தே நடந்தார். ஊரின் அந்த ரொட்டிப் படகில் எட்டு இடம். பழைய துடுப்புக்காரர் கெப்ஹார்டின் முட்டி மடங்க மறுத்ததால் இந்த வருடம் ஓர் இடம் காலி. வடக்கே கடலோரத்திலிருந்து வந்து இருபத்தாறு வருடமாகியும் வந்தவராகவே இருக்கும் டெட்லெஃப், அந்த இடத்தை மார்ச் மாதமே கேட்டிருந்தார். கிடைத்த பதில், "பார்க்கலாம்."

அந்த ஊர் வெளியாளுக்கு வேறு பதில் சொன்னதாகச் சரித்திரம் இல்லை. முப்பது வருடப் போரில் சுவீடன் படை வாசலில் நின்று சாவி கேட்டபோதும் உள்ளிருந்து "பார்க்கலாம்" என்றுதான் குரல் வந்ததாம். படை மூன்று வாரம் குளிரில் காத்திருந்து, சளி பிடித்து, திரும்பிப் போயிற்று. டெட்லெஃபுக்கு அந்தச் சுவீடன்காரர்கள் மேல் தனி அனுதாபம் உண்டு.

மேயர் லியோபோல்டு ரீட்லே தன் அலுவலக ஜன்னல் செடிகளுக்குத் தண்ணீர் ஊற்றிக்கொண்டிருந்தார்.

"தகடு ஒரு சாண் மேல போயிருச்சு, மேயரே. தப்பு என்னோடதுதான். இறக்கிடட்டுமா?"

"ரொம்ப அழகா வெள்ளையடிச்சிருக்கீங்க, ஹெர் ஹார்ம்ஸ்."

"சந்தோஷம். இறக்கட்டுமா?"

"வெயில் பட்டா மினுமினுக்குது."

"இறக்கவா, வேணாமா?"

"பார்க்கலாம்" என்றார் மேயர், பாசத்தோடு.

"அப்ப, அந்தப் படகு இடம்?"

"அதையும் பார்க்கலாம்."

அங்கிருந்து நோட்புர்காவின் ரொட்டிக் கடைக்குப் போனார். ஞாயிற்றுக்கிழமை ரொட்டியைச் சுடுவது அவள், படகில் சுக்கான் பிடிப்பதும் அவள். அவளோடு பள்ளியில் படித்த படகோட்டி வின்ஸென்ட்ஸ் முழங்கையை ஊன்றி நின்றிருந்தான்.

"ஆல்டன்பாக்காரன் மூக்கு அறுபட்டுச்சுல்ல" என்றான் அவன்.

"ஏரி நம்ம ஊருல மட்டும் குவிஞ்சா நின்னுச்சு?" என்றாள் நோட்புர்கா.

"அன்னிக்குக் காத்து அடிச்சிருக்கும். தண்ணி இந்தப் பக்கம் ஒதுங்கியிருக்கும்."

"உன் மூளைதான் ஒதுங்கியிருக்கு. தூங்கிக்கிட்டே துடுப்புப் போடுறவன் பேச வந்துட்டான். மூணாவது பிரெட்ஸல் ரொட்டி உனக்குக் கிடையாது, கையை எடுடா."

வின்ஸென்ட்ஸ் சிரித்துக்கொண்டே கையை எடுத்தான். டெட்லெஃபுக்குப் பொறாமையாக இருந்தது. இந்த ஊரில் அவரை யாரும் இப்படி ஒரு வார்த்தை சொன்னதில்லை; எல்லோருக்கும் அவர் மரியாதையான 'ஹெர்' போட்ட ஹார்ம்ஸ்தான்.

நோட்புர்கா அவர் பக்கம் திரும்பும்போதே முகத்துக்குக் கோயிலுக்குப் போகிற மரியாதை உடுப்பு மாட்டிக்கொண்டாள். "உங்களுக்கு என்ன வேணும், ஹெர் ஹார்ம்ஸ்? எப்பவும்போல கறுப்பு ரொட்டியா?"

"ஞாயித்துக்கிழமைக்கு ரொட்டி சுடுறீங்களா?"

அவள் துடைத்த மேசையையே மறுபடி துடைத்தாள். "மேயர் சுட வேணாம்ங்கிறார். இந்தத் தடவை வாங்கிக்க மட்டும் போகணுமாம். இத்தனை வருஷத்துல கையை வீசிக்கிட்டு நாங்க போனதே இல்ல."

"நான் தகட்டை இறக்கிட்டா?"

"பார்க்கலாம், ஹெர் ஹார்ம்ஸ்."

அன்று முழுவதும் கணக்குப் போட்டார். இறக்கினால் ஊரின் ஒரு சாண் போகும், கூடவே படகு இடமும் போகும். இறக்காவிட்டால் இடம் கிடைக்கலாம். ஆனால் அதில் உட்கார்ந்து போய், ஒரு பெயிண்ட் டப்பா பட்ட துயரத்துக்காக ஆல்டன்பாக்காரன் கையிலிருந்து ரொட்டி வாங்க வேண்டும். அந்த ரொட்டி தொண்டையில் இறங்கும் என்று தோன்றவில்லை.

சனிக்கிழமை காலை, அளவு நாடாவும் கையுமாக முதல் படகில் ஆல்டன்பாக் போனார். அவர்களுடைய துறைச் சுவரில் மண்டியிட்டு, அவர்களுடைய தகட்டிலிருந்து தண்ணீர் வரை அளந்தார். இரண்டு மீட்டர் மூன்று சென்டிமீட்டர்.

வலை உலர்த்திக்கொண்டிருந்த ஒருவன் குரல் கொடுத்தான். "எங்க வெள்ளத்தையும் உசத்தப் போறியா? ரெண்டு சாணா உசத்திரு, புண்ணியமாப் போகும். நாளைக்கு எங்களுக்கு ரொட்டி சுடுற வேலை மிச்சம்."

திரும்பி வந்தபோது துறையில் சந்தை உச்சத்தில் இருந்தது. டெட்லெஃப் நேரே சுங்க வீட்டுக்குப் போய்த் தகட்டைக் கழற்றினார். புது வெள்ளையில் இரண்டு ஓட்டைகள் பல்லை இளித்தன. மீன் நறுக்கும் கத்திகூட நின்றுவிட்டது. அவர் நாடாவைத் தண்ணீர்வரை தொங்கவிட்டு, இரண்டு மீட்டர் மூன்று சென்டிமீட்டரில் புள்ளி வைத்தார். டப்பா இல்லாமல் தரையில் நின்றபோது, புள்ளி சரியாக அவருடைய தாடைக்கு வந்தது.

"இருநூறு வருஷமா இங்கதான் இருந்துச்சு" என்றார், தகட்டை முடுக்கிவிட்டு. "நான்தான் டப்பா மேல ஏறி நின்னு மாட்டிட்டேன்."

 காய்கறிக் கடையருகே நின்ற மேயர் ஒரு முட்டைக்கோஸை எடுத்து, அதன் அடிப்பக்கத்தைக் கவனமாகப் படித்தார்.

"அப்போ நாளைக்கு ரொட்டி?" என்றான் வின்ஸென்ட்ஸ்.

"காலையிலேயே மாவு பிசைஞ்சு வெச்சாச்சு." முழங்கைவரை மாவோடு நோட்புர்கா கூட்டத்தை விலக்கிக்கொண்டு வந்தாள். "இவர் நாடாவைத் தூக்கிக்கிட்டுப் படகேறினப்பவே."

போனது போகட்டும் என்று டெட்லெஃப் கேட்டுவிட்டார். "அந்த எட்டாவது இடம்... எனக்கு உண்டா, இல்லையா?"

மேயர் முட்டைக்கோஸை வைத்துவிட்டு வாயைத் திறந்தார். நோட்புர்கா அவரைக் கையமர்த்தினாள். டெட்லெஃபை மேலிருந்து கீழ்வரை, வின்ஸென்ட்ஸைப் பார்க்கிற அதே பார்வை பார்த்தாள்.

"இல்ல, டெட்லெஃப். உனக்குத் துடுப்புப் போட வராது. ரொட்டியோட சேர்த்து எங்களையும் கவுத்துருவ. முதல்ல அந்த ரெண்டு ஓட்டையை அடை, பார்க்கச் சகிக்கல. அடுத்த வருஷத்துக்குள்ள இந்தத் தூங்குமூஞ்சிகிட்ட துடுப்புப் பழகு. நாளைக்குக் கரையில நின்னு கயிறு பிடி. ஏழு மணிக்கு. லேட்டா மட்டும் வந்தே, தொலைச்சிடுவேன்."