மனிதத் தடயம்: இல்லை

படிவத்தின் ஏழாவது கட்டத்தைப் பார்த்தாலே கோசிகாவுக்குக் கடுப்பேறியது. "மனிதத் தடயம்" என்று ஒரு தலைப்பு, அதற்கு நேரே உண்டு, இல்லை என்று இரண்டே இரண்டு தெரிவுகள். ஆகஸ்டில் ஹெலிகொப்டரில் போய் ஒன்பது நாள் நின்று வந்த ஆய்வுக் குழு, ஆற்றங்கரை நெடுகிலும் "இல்லை" என்று போட்டுக் கையை உதறிக்கொண்டு வந்துவிட்டது.

லிவர்பூல் ஸ்ட்ரீட் ஸ்டேஷனுக்குப் பக்கத்தில் ஓர் ஆலோசனை நிறுவனத்தில் வரைபடம் போடுகிறவள் அவள். எண்ணெய்க் கம்பனி ஒன்று எங்காவது குழாய் போட விரும்பினால், அங்கே என்ன கெடும், யாருக்கு இடைஞ்சல் என்று அறிக்கை எழுதிக் கொடுப்பது நிறுவனத்தின் தொழில். எழுதச் சொல்வதும் அதே எண்ணெய்க் கம்பனிதான். அதை அலுவலகத்தில் யாரும் சத்தமாகச் சொல்வதில்லை. இந்த முறை இடம் வட துருவத்தின் ஓரத்தில், ரோட்டே இல்லாத ஒரு தீபகற்பம்.

அங்கே ஆட்கள் இல்லாமல் இல்லை. நாற்பது குடும்பங்கள் துருவ மான் மேய்க்கின்றன. ஏப்ரலில் மந்தையோடு வடக்கே போகும்போதும் நவம்பரில் தெற்கே திரும்பும்போதும் ஆற்றை ஒரே இடத்தில்தான் கடப்பார்கள். அந்தக் கரையில் ஆறு இடங்களில் கூடாரம் போட்டு, மான்களையும் பிள்ளைகளையும் ஆறவிட்டுப் போவார்கள். இதையெல்லாம் அவர்களே கையால் வரைந்து, கடிதத்தோடு அனுப்பியிருந்தார்கள். போடப்போகும் குழாயோ நெஞ்சளவு உயரம். காற்று அள்ளி வரும் பனி அதன் கீழே அடைத்துக்கொண்டால் சினை மான்கள் அதைத் தாண்டாது. தாண்டாவிட்டால் குட்டி போடும் இடத்துக்குப் போய்ச் சேராது. அறிக்கையின் பதினான்காவது வரைபடத்தில் "கடவை" என்று அந்த இடத்தைக் குறித்தால், கம்பனி அங்கே குழாயை இரண்டு ஆள் உயரத்துக்குத் தூக்கிப் போட்டே ஆக வேண்டும். கரையில் ஆட்கள் தங்கிப் போவதற்குச் சான்று இருந்தால்தான் அப்படிக் குறிக்கலாம். குறிக்காவிட்டால் யாருக்கும் ஒரு கடமையும் இல்லை. ஒரு சின்னக் கோடு, அவ்வளவுதான். அதைப் போடத்தான் இந்தப் பாடு.

அறிக்கைக்குப் பொறுப்பானவள் ரமா. சென்னைக்காரி, கெட்டிக்காரி, கெட்டவளும் இல்லை. கோசிகா அவளிடம் மூன்றாவது தடவையாகப் போய் நின்றாள்.

"ஆகஸ்டில ஆக்கள் அங்க நிக்க மாட்டினம், ரமா. நுளம்புக் கடி தாங்காமல் மான்களோட கடற்கரைக்குப் போயிடுவினம். வீட்டுக்காரர் வேலைக்குப் போன நேரம் கதவைத் தட்டிப்போட்டு, இந்த வீட்டில ஒருத்தரும் இல்லை எண்டு எழுதினால் சரியோ?"

"எனக்குப் புரியுது கோசிகா. ஆனா ஆள் இல்லாட்டியும் தடயமாவது இருக்கணும்ல? அடுப்பு, சாம்பல், ஒரு பழைய டப்பா. ரெண்டாயிரம் போட்டோ எடுத்திருக்காங்க, கரையில எடுத்த ஒண்ணுலயும் ஒண்ணும் இல்ல. ஆதாரம் கொண்டாங்க, நானே போடுறேன்."

ரெண்டாயிரத்துச் சொச்சம் படங்களையும் கோசிகா ஒவ்வொன்றாகப் பார்த்தாள். நான்கு நாள் போனது, கண் பூத்துப்போனது. பாசி, கல், தண்ணீர், மறுபடியும் பாசி. கடைசியில், ஆற்றை விட்டுத் தள்ளி, ஏழாவது கட்டத்தில் "உண்டு" என்று விழுந்த ஒரே ஓர் இடத்தைக் கண்டுபிடித்தாள். நாற்பது வருசத்துக்கு முன் எண்ணெய் தேடி வந்த ஒரு கூட்டம் போட்டுவிட்டுப் போன துருப்பிடித்த பீப்பாய்கள், அறுபத்துமூன்று. குழு அவற்றை ஒழுங்காக எண்ணி, படம் பிடித்து, மனிதத் தடயம் என்று பதிந்திருந்தது. தலைமுறை தலைமுறையாக நடந்த சனத்துக்கு இல்லை, வந்து குப்பை போட்டவனுக்கு உண்டு.

அன்று பின்னேரம் அவள் வீடு இருக்கும் செவன் கிங்ஸ் வரை ரயிலில் போகாமல், வழியில் ஃபாரஸ்ட் கேட்டில் இறங்கினாள். அங்கே பெற்றோல் ஸ்டேஷன் ஒன்றில் அவள் கணவன் துஷாந்தன் மனேஜர். ஷிப்ட் முடிந்ததும் அவனோடு காரில் வீட்டுக்குப் போகலாம் என்று நினைத்தாள். கவுண்டருக்குப் பின்னால் நின்றபடியே பீப்பாய்க் கதையைக் கொட்டித் தீர்த்தாள். அவன் ஒருவனுக்குச் சிகரெட்டும் இன்னொருவனுக்குப் பாலும் எடுத்துக் கொடுத்துக்கொண்டு கேட்டான்.

"நீர் ஏன் கத்துறீர்? நீர் தோண்ட வழி பண்ணிக் குடுக்கிறீர், நான் ஊத்திக் குடுக்கிறன். குடும்பத் தொழில்தானே."

பகிடிக்குத்தான் சொன்னான். ஆனால் அதில் பொய்யும் இல்லை, அதுதான் கூடுதல் எரிச்சல்.

அடுத்த கிழமை காலையில் அவளே மேய்ப்பர்களுடன் வீடியோவில் பேச ஏற்பாடு செய்தாள். அந்தப் பக்கம் அய்னா என்ற பெண் இருந்தாள், ஐம்பது வயதிருக்கும், மந்தைக்காரர் சங்கத்தின் தலைவி. கடிதம் எழுதியவளும் அவள்தான். பக்கத்தில் ஒரு பள்ளிக்கூட ரீச்சர், அய்னா சொல்வதை இங்கிலீஷில் சொல்ல. கோசிகா நேராக விசயத்துக்கு வந்தாள். நூற்றுக்கணக்கான வருசமாகத் தங்குகிறீர்கள், ஏன் ஓர் அடுப்புக் கல்கூட அங்கே இல்லை?

அய்னா அவளை விளங்காதவளைப் பார்ப்பதுபோலப் பார்த்தாள். அடுப்புக் கல்லை எடுத்த இடத்திலேயே, ஆற்றிலேயே போட்டுவிடுவோம் என்றாள். சாம்பலைக் கரைத்துவிடுவோம். கூடாரக் கம்பு நட்ட குழியை மூடி, பெயர்த்த பாசியைத் திருப்பிப் போட்டு மிதித்துவிடுவோம். படுத்து எழும்பிய இடத்தை அப்படியே விட்டுப் போவது வெட்கக்கேடு, அழுக்கு விட்ட இடத்தில் எங்களவர் மறுபடி தலை வைப்பதில்லை. ரீச்சர் சொல்லச் சொல்ல, கோசிகா எல்லாவற்றையும் கொப்பியில் எழுதினாள். எழுத எழுத அவளுக்குக் கோபம்தான் ஏறியது, அய்னாவில் இல்லை, அந்த ஏழாவது கட்டத்தில். இவ்வளவு துப்புரவாக வாழ்ந்ததற்கு இவர்களுக்குக் கிடைத்த பட்டம் "இல்லை".

"அப்படியென்றால் வருகிற ஏப்ரலில் கூட்டித் துடைக்காமல் போங்கள்" என்று பொரிந்து தள்ளிவிட்டாள். "தகரம், உடைந்த சாமான், எதையாவது விட்டுவிட்டுப் போங்கள். குப்பை போட்டால்தான் இவர்களுக்கு நீங்கள் மனிதர்."

ரீச்சர் அதை மொழிபெயர்க்கத் தயங்கினாள். பிறகு மெதுவாகச் சொன்னாள். அய்னா ஒரேயொரு கேள்வி கேட்டாள், ஆறு இடங்களிலுமா என்று. ஆறிலும் என்றாள் கோசிகா.

அதன் பிறகு அவள் ரமாவைப் பிடித்துக்கொண்டு விடவில்லை. காலையில் ஒரு ஈமெயில், மத்தியானம் ஒன்று. லிப்டில் கண்டாலும் அதே கதை. இன்னொரு தடவை போய்ப் பார்க்காவிட்டால் வரைபடத்தில் என் பெயரைப் போட ஏலாது என்று ஒற்றைக்காலில் நின்றாள். ரமா தலையில் அடித்துக்கொண்டு கம்பனியோடு மல்லுக்கட்டி, ஜூன் மாதத்தில் ஒரே ஒரு நாளுக்கு ஹெலிகொப்டர் வாங்கிக் கொடுத்தாள். அவள் அதைச் செய்வாள் என்று கோசிகா எதிர்பார்க்கவில்லை.

ஜூன் படங்கள் வந்த அன்று ரமாவே மடிக்கணினியைத் தூக்கிக்கொண்டு அவள் மேசைக்கு வந்தாள். ஆறு இடம், ஆறிலும் குவியல். தகர டப்பாக்கள், கிழிந்த பிளாஸ்டிக், அறுந்த வார், உடைந்த பனிவண்டிச் சட்டம். கரியோடு அடுப்புக் கற்கள், பக்கத்தில் வாரிக் கொட்டிய எலும்பு. பாசிக்கு நடுவில் அது அசிங்கமாகத்தான் இருந்தது.

"ஜெயிச்சிட்டீங்க" என்றாள் ரமா. "ஆறும் உண்டு. கடவையைப் போடுங்க, அஞ்சு மணிக்கு அனுப்பிடலாம்."

கோசிகாவுக்குச் சந்தோசம் தாங்கவில்லை. பதினான்காவது வரைபடத்தைத் திறந்து, எட்டு மாதமாகப் போட முடியாமல் இருந்த கோட்டை ஆற்றின் குறுக்கே போட்டாள். துஷாந்தனுக்கு மெசேஜ் அனுப்பினாள், "போட்டாச்சு" என்று. அய்னாவுக்கும் சொல்ல வேண்டுமென்று ஈமெயிலைத் திறந்தபோது, ரீச்சரிடமிருந்து முந்திக்கொண்டு ஒன்று வந்திருந்தது. அய்னா சொன்னதை அப்படியே எழுதியிருந்தாள்.

"ஹெலிகொப்டர் வந்து போனதைக் கண்டோம். நீங்கள் கேட்டபடி ஆறு இடங்களிலும் விட்டுவிட்டு வந்திருந்தோம். பிள்ளைகள் பார்க்காதபடி அவர்களை முன்னால் அனுப்பிவிட்டுத்தான் செய்தோம். அந்த ஆறு இடங்களிலும் எங்களவர் இனித் தங்க மாட்டார்கள். நவம்பரில் நிற்காமல் போவோம், இரண்டு பகல் ஓர் இரவு. சின்னவர்கள் தூங்கி விழாதபடி பனிவண்டியோடு சேர்த்துக் கட்டிக்கொள்வோம். மான்களுக்கு வழி வேண்டும். கடவை வரைபடத்தில் வந்துவிட்டதா என்பதை மட்டும் சொல்லுங்கள்."

கோசிகா மேசை லாச்சியைத் திறந்து அந்தப் பழைய கொப்பியை எடுத்தாள். டிசம்பர்ப் பக்கத்தில் அவளுடைய கையெழுத்திலேயே இருந்தது: அழுக்கு விட்ட இடத்தில் மறுபடி தலை வைப்பதில்லை. எழுதியிருக்கிறாள், கீழே கோடுகூடப் போட்டிருக்கிறாள். எழுதி முடித்த அடுத்த நிமிசம் குப்பை போடச் சொல்லியிருக்கிறாள். பீப்பாய் போட்டவர்களை அவ்வளவு நாளும் திட்டினாளே, இப்போது யாரைத் திட்டுவது? ஆகஸ்டில் போனவர்களாவது யாரிடமும் ஒன்றும் கேட்டறியாமல் வந்தார்கள்; இவள் கேட்டு எழுதிவைத்துவிட்டுச் செய்தாள்.

நேரம் நாலரை. மறுபக்க மேசையிலிருந்து ரமா, முடிஞ்சுதா என்று கேட்டாள்.

"ஓம், முடியுது" என்றாள் கோசிகா.

அய்னாவுக்கு, வந்துவிட்டது என்று ஒரு வரி எழுதினாள். மன்னிப்பு என்று தொடங்கி இரண்டு தடவை எழுதி இரண்டு தடவையும் அழித்தாள், பிறகு அந்த ஒரு வரியையே அனுப்பினாள். படிவத்தில் ஒரு கட்டம் மட்டும் மிச்சம் இருந்தது. இப்போது பயன்பாட்டில் உள்ள தங்குமிடங்கள் எத்தனை? ரமா ஏற்கெனவே ஆறு என்று நிரப்பியிருந்தாள். உண்மை பூச்சியம். உண்மையை எழுதினால் தங்குமிடம் போகும், அதோடு கடவையும் போகும், மான்கள் குழாய்க்கு இந்தப் பக்கமே நின்றுவிடும். கோசிகா ஆறை அப்படியே விட்டுவிட்டு, கீழே தன் பெயரைப் போட்டாள்.