அக்கினி மூலைக்கு எந்த நீதிமன்றம்?

எங்கள் வீட்டு ஹால் உயர் நீதிமன்றத்தின் கீழ் வருகிறது. அடுப்படி நில அலுவலகத்தின் கீழ் வருகிறது. சிரிக்காதீர்கள். அந்த அடுப்படியில்தான் நானும் என் வீட்டுக்காரர் மோகனராஜும் மாதக்கணக்கில் படுத்து எழுந்தோம்.

இந்தக் கூத்துக்கு விதை போட்டவர் மெய்யநாதன். ஜார்ஜ்டவுனில் வீட்டுக்கடன் கொடுக்கும் கம்பெனி வைத்திருப்பவர். ஜெலுத்தோங்கில் நாங்கள் வாங்கவிருந்த வீட்டைப் பார்க்க வந்தவர், கூரையைப் பார்க்கவில்லை, சுவரைத் தட்டவில்லை. அடுப்படியில் நின்று போனில் திசை பார்த்து உதட்டைப் பிதுக்கினார்.

"அக்கினி மூலையில அடுப்பு இல்லம்மா. இந்த வீட்டுக்குக் கடன் கொடுத்தா வட்டியும் வராது, முதலும் வராது."

வீட்டுக்குப் பின்னால் சும்மா கிடந்த துண்டு நிலம் சரியாக அந்த மூலையில் இருந்தது. அவரே கடனைக் கூட்டிக் கொடுத்து அதையும் வாங்க வைத்தார். அங்கே புது அடுப்படி கட்டினோம், ஒட்டினாற்போல் குளியலறையும் கட்டினோம். பழைய அடுப்படியையும் குளியலறையையும் இடித்து ஹாலோடு சேர்த்தோம். இரண்டு மனைக்கும் ஒரே அடமானம். அந்த அடுப்பில் சமைத்துத்தான் நான் பாயான் லெப்பாஸ் தொழிற்சாலைகளுக்கு மதியச் சோறு பொட்டலம் கட்டி அனுப்பினேன்.

மோகனராஜ் வேலை பார்த்த தொழிற்சாலையை மூடினார்கள். தவணை நின்றது. மெய்யநாதன் வீட்டை ஏலம் விடக் கேட்டு வழக்குப் போட்டார்.

அப்போதுதான் தெரிந்தது, பட்டண எல்லை எங்கள் வீட்டுக்குள்ளேயே ஓடுகிறது என்று. முன்மனை பட்டண நிலம், அதற்கு உயர் நீதிமன்றம். பின்மனை பட்டணத்துக்கு வெளியே, அதற்கு நில அலுவலகம். நீதிபதி வரைபடத்தைப் பார்த்துவிட்டு, அடுப்படியைத் தொட தமக்கு அதிகாரமில்லை என்றார். நில அலுவலக அதிகாரி அதே படத்தைத் திருப்பி வைத்துப் பார்த்துவிட்டு, ஹாலைத் தொட தமக்கு அதிகாரமில்லை என்றார். இருவரும் சொன்னது சட்டப்படி சரி. இரண்டு சரிக்கும் நடுவில் நான் சட்டியும் கரண்டியுமாக நின்றேன்.

ஹால் ஏலத்துக்கு வந்தவர்கள், "தண்ணிக் குழாய் எங்க?" என்று கேட்டார்கள்.

"அது வேற ஏலம்," என்றார் ஏலம் விட்டவர்.

ஒருவரும் கை தூக்கவில்லை. விலை இறங்கி இறங்கி, கடைசியில் மெய்யநாதனே அடிமாட்டு விலைக்கு எடுத்தார். அடுப்படி ஏலத்துக்கு ஒரே ஒரு ஆள் வந்தார். பின்னால் பெரிய சாக்கடை, இருபுறமும் அடுத்தவர் சுவர்.

"உள்ள எப்படிப் போறதுலா?"

"ஹால் வழியாத்தான்," என்றார் அதிகாரி.

"ஹால் யாரோடது?"

"அது வேற ஏலத்துல போயிருச்சு."

அவர் செண்டோல் குடிக்கப் போய்விட்டார். அடுப்படி விலைபோகாமல் எங்கள் பெயரிலேயே கிடந்தது. மோகனராஜ் அடுப்படி வாசல்படிக்குப் பக்கத்தில் தரையில் சிவப்புச் சாயத்தால் எல்லை போட்டார். "அந்தப் பக்கம் உயர் நீதிமன்றம், குணா. பார்த்து நட," என்றார் என்னிடம். வேலை போனதிலிருந்து அவர் இவ்வளவு கவனமாகச் செய்த காரியம் அதுதான்.

ஒரு புதன்கிழமை காலை பதினொரு மணிக்கு மெய்யநாதன் மடக்கு நாற்காலியோடு வந்தார். தெருக்கதவை உள்ளிருந்து பூட்டி, சாவியைச் சட்டைப்பையில் போட்டுக்கொண்டு ஹால் நடுவே உட்கார்ந்தார். பக்கத்தில் பெரிய போத்தலில் பார்லித் தண்ணீர்.

"இனி என் ஹால் வழியா யாரும் போகக்கூடாது. அடுப்படியையும் எழுதிக் குடுத்துட்டுக் கிளம்புங்க."

கட்டிய பொட்டலங்கள் கூடையில் இருந்தன. அவை போகாவிட்டால் ஆர்டர் போகும். ஆர்டர் போனால் சோறு போகும். மிச்சமிருந்த பாதி வீடும் போகும். அடுப்பைப் பார்த்துத் திரும்பி நின்று அழுதேன். அழுது முடித்துத் திரும்பியபோது அவர் கால் ஆடிக்கொண்டிருந்தது. பார்லிப் போத்தல் காலி. மனிதருக்குச் சர்க்கரை வியாதி வேறு.

"தங்கச்சி, பாத்ரூம்..."

"எல்லைக்கு இந்தப் பக்கம்ணே. நில அலுவலகத்துல அனுமதி வாங்கிட்டு வாங்க. இல்லன்னா கோப்பிக்கடைக்குப் போங்களேன்."

"நான் எந்திரிச்சா நீ பூட்டை மாத்திருவே."

என்னை நன்றாகத்தான் புரிந்து வைத்திருந்தார். எங்கள் வக்கீல் ஷர்மினிக்குப் போன் போட்டேன். அவள் சொல்லச் சொல்ல எழுதினேன்: ஏலத்தில் எடுத்த அதே விலைக்கு ஹாலை எங்களுக்கே திருப்பித் தருவது, அதையும் பழைய பாக்கியையும் நாங்கள் சிறு தவணையில் கட்டுவது. தாளை எல்லையில் வைத்தேன். மெய்யநாதன் வாசிக்கக்கூட இல்லை. பேனாவை எடுத்தவர், கடிகாரத்தைப் பார்த்ததும் அதைக் கீழே வைத்துவிட்டார்.

"பன்னெண்டு தாண்டிருச்சே! புதன்கிழமை ராகு காலம். ஒன்றரை வரைக்கும் கையெழுத்துப் போட மாட்டேன்."

"நல்லதுண்ணே. நல்ல நேரம் வரட்டும். இருங்க."

மோகனராஜ் கெட்ட எண்ணத்தோடு செய்யவில்லை. அரிசி களைய வேண்டியிருந்தது. குழாயைத் திறந்தார். தண்ணீர் சளசளவென்று பாத்திரத்தில் விழுந்தது.

மெய்யநாதன் கண்ணை மூடினார். முருகா என்றார். கையெழுத்துப் போட்டார். சாவியை என் கையில் திணித்துவிட்டு எல்லையை ஒரே தாண்டாகத் தாண்டினார்.

நான் கதவைத் திறந்தேன். பொட்டலங்களை ஏற்றிக்கொண்டு மோகனராஜ் மோட்டார் சைக்கிளில் பறந்தார்.

முகம் கழுவிக்கொண்டு வந்த மெய்யநாதன் ஹாலுக்குப் போய்ச் சோர்ந்து உட்கார்ந்தார். "ராகு காலத்துல போட்ட கையெழுத்து. இது விளங்காது தங்கச்சி."

"அக்கினி மூலையில அடுப்பு வெக்கச் சொன்னீங்களே, அது விளங்குச்சாண்ணே?"

எனக்கே பாவமாகிவிட்டது. மிச்சமிருந்த ஒரு பொட்டலத்தைப் பிரித்து அவர் முன்னால் வைத்தேன். தலை நிமிராமல் சாப்பிட்டார். முடித்ததும் எச்சில் கையோடு எழுந்து, சிவப்பு எல்லை வரை வந்து நின்றார். குழாய் என் பக்கம் இருந்தது.

"உள்ள வரலாமா?" என்று கேட்டார்.