பதினைந்தாண்டுத் திட்டமும் ஒரு படகு எஞ்சினும்

குருசுக்குப்பத்துக் கரையோரம் இருந்த கடற்கண்காணிப்பு முகாமுக்குச் சொந்தமாக ஒரு கொடிக்கம்பம், ஒரு மாநாட்டு அறை, ஒரு படகு. கொடி தினமும் ஏறியது. மாநாட்டு அறையில் தினமும் கூட்டம் நடந்தது. படகு மட்டும் மனசு வைத்தால் ஓடும், இல்லாவிட்டால் நடுக்கடலில் நின்றுவிடும்.

ஹேமலதா அங்கே ஸ்டோர் கிளார்க். படகை ஓட்டுகிற இராமதாஸ் அவள் புருஷன். வீட்டில் 'இந்தா' என்று கூப்பிடுகிறவன், முகாம் கேட்டைத் தாண்டியதும் 'மேடம்' என்பான். அவன் ரோந்துக்குப் போன நாளெல்லாம் கருவடிக்குப்பத்து வீட்டில் அவளுக்குச் சோறு இறங்காது. அந்த எஞ்சின் எந்த இடத்தில் நின்று தொலைத்ததோ என்று அடுப்பைத் துடைத்ததையே துடைத்துக்கொண்டிருப்பாள். அவளுக்கு வேண்டியதெல்லாம் ஒரு புது எஞ்சின்.

ஒன்று வேண்டும் என்று ஒழுங்காக எழுதிக்கொண்டு போனாள். முகாம் தலைவர் கமாண்டர் தணிகாசலம் அதைப் பார்த்துப் பரிதாபப்பட்டார்.

"ஒண்ணு கேட்டா கால் எஞ்சின்தாம்மா வரும். அத வெச்சிகினு என்னா பண்ணுவ?"

படைகளின் வரவுசெலவுக்கென்று எழுதாத சட்டம் ஒன்று இருந்தது. ஒன்று வேண்டுமானால் இரண்டு கேட்க வேண்டும், மேலிடம் பாதியை வெட்டும். இரண்டாக்கித்தான் கேட்கிறார்கள் என்று மேலிடத்துக்குத் தெரியும், ஆகவே முக்கால்வாசியை வெட்டும். வெட்டுவார்கள் என்று கீழே இருப்பவர்களுக்கும் தெரியும், ஆகவே நான்காகக் கேட்பார்கள். இதில் ஒருவரை ஒருவர் ஏமாற்றியதாக யாரும் நினைத்ததில்லை.

கமாண்டர் நான்கோடு நிற்கவில்லை. பதினைந்தாண்டுத் தொலைநோக்குத் திட்டம் ஒன்று தயாரித்தார். வழவழப்பான தாள், வண்ண வண்ண அம்புக்குறிகள். ஹெலிகாப்டர் இறங்கும் தளம், தண்ணீருக்கடியில் ஓடும் இயந்திரம், குளிரூட்டிய கண்காணிப்புக் கோபுரம் எல்லாம் அதில் இருந்தன. எஞ்சின், கடைசிப் பக்கங்களில் எங்கோ 'உந்துவிசைத் திறன் மேம்பாடு, முதற்கட்டம்' என்ற பெயரில் ஒளிந்திருந்தது. அதை அவள் இரண்டு தடவை தேடித்தான் கண்டுபிடித்தாள்.

மேலிடம் திட்டத்தைப் பாராட்டியது. எஞ்சினை மட்டும் மறுத்தது. அனுப்பிய ரோந்து ஒவ்வொன்றும் பத்திரமாகத் திரும்பியிருப்பதாக முகாமின் அறிக்கைகளே சொல்கின்றன, ஓடுகிற எஞ்சினை எதற்கு மாற்ற வேண்டும் என்று கேட்டது.

திரும்பியது உண்மைதான். குப்பத்துப் பலராமனின் மீன்பிடிப் படகில் கயிறு கட்டி இழுபட்டுத் திரும்பியது. ஆனால் நாட்டின் ஆயுதப் படையை ஒரு மீன் படகு இழுத்து வந்தது என்று எழுதினால் முகாமின் மானம் என்னாவது? கமாண்டர் அந்த வரியை ஒருநாளும் அனுமதித்ததில்லை. "நாங்க மீனு புடிக்கப் போறமா, உன்னப் புடிக்கப் போறமான்னே தெர்ல தம்பி," என்று பலராமன் இராமதாஸிடம் கேட்பதை எந்த அறிக்கையிலும் காண முடியாது.

மார்ச் மாதம் பிறந்தது. மேலிடத்தில் மரச்சாமான் செலவுத் தலைப்பில் பணம் மிஞ்சிக் கிடந்தது. மாதக் கடைசிக்குள் செலவழிக்காவிட்டால் பணம் திரும்பிவிடும். திரும்பினால், இவர்களுக்குத் தேவையில்லை போலிருக்கிறது என்று அடுத்த ஆண்டும் குறைத்துவிடுவார்கள். எனவே ஒரு லாரி வந்தது. அதிலிருந்து வெல்வெட் சோபாக்கள் இறங்கின, இறங்கிக்கொண்டே இருந்தன. மாநாட்டு அறை நிறைந்து, நடை நிறைந்து, ஒன்று கொடிக்கம்பத்தடியில் தார்ப்பாய் போர்த்திக்கொண்டு உட்கார்ந்தது.

இந்தப் பணத்தில் எஞ்சின் வாங்கியிருக்கக் கூடாதா என்று கேட்ட ஹேமலதாவை, கோயில் உண்டியலில் கை விட்டு எடுக்கச் சொன்னவளைப் போலப் பார்த்தார் கமாண்டர். ஒரு தலைப்பின் பணம் இன்னொரு தலைப்பின் வாசலை மிதிக்கக் கூடாதாம். அன்று மதியச் சாப்பாட்டை அவள் சோபாவில் உட்கார்ந்து சாப்பிட்டாள். கோபத்தோடு உட்காரத் தோதாக இல்லை, அவ்வளவு மெத்து.

ஏப்ரலில், ஒதுக்கிய வளங்கள் உரியபடி சேர்ந்தனவா என்று பார்க்க மேலிடத்துத் திட்டப்பிரிவிலிருந்து கேப்டன் ஹரிகிருஷ்ணன் வந்தார். சொந்த ஊர் கடலூர்ப் பக்கம். ஒவ்வொரு சோபாவாக உட்கார்ந்து பார்த்துத் திருப்தியடைந்தார். தொலைநோக்குத் திட்டத்தைக் கமாண்டர் திரையில் ஓட்டிக் காட்டியபோது, ஹெலிகாப்டர் தளம் வரைக்கும் விழித்திருந்தார். பிறகு எழுந்து, படகில் ஒரு சுற்றுப் போகலாம் என்றார்.

கமாண்டருக்கு வியர்த்தது. காற்றைச் சொன்னார், அலையைச் சொன்னார். கடல் தாம்பாளம் போலக் கிடந்தது. கடைசியில் அவருக்கு அவசரமாக ஒரு போன் வந்தது, அவர் கரையிலேயே தங்கிவிட்டார். பொருட்களைச் சரிபார்க்க ஸ்டோர் ஆளும் வரட்டும் என்றார் கேப்டன். ஹேமலதா உயிர்காப்புச் சட்டையை மாட்டிக்கொண்டு ஏறினாள்.

கடற்கரைச் சாலையில் நடக்கிற ஜனங்கள் எறும்பாகத் தெரிகிற தூரத்தில் எஞ்சின் இரண்டு இருமல் இருமி அடங்கியது. இராமதாஸ் எஞ்சினைக் கிளப்பும் கயிற்றை இழுத்தான், இழுத்தான், சட்டை நனையும்வரை இழுத்தான்.

"எப்பவும் இப்பிடித்தானா?" என்றார் கேப்டன்.

இராமதாஸ் முகாமின் மானத்தை நினைத்து வாய் மூடியிருந்தான். ஹேமலதாவுக்கு அந்தக் கட்டுப்பாடு இல்லை. "எப்பவும் இப்பிடித்தான் சார். இவரு என் ஊட்டுக்காரரு. நீங்க ஒரு நாளு பாக்கறீங்க, நான் தெனம் தெனம் பாக்கறேன்."

கேப்டன் சுற்றிலும் இருந்த தண்ணீரைப் பார்த்தார். எஞ்சின் கோரிக்கையை வெட்டிய பேனா அவருடையதுதான். வெட்டும்போது இத்தனை தண்ணீரை அவர் கற்பனை செய்திருக்கவில்லை.

"பழுதுன்னு எழுதினா ரெண்டு வருஷம் ஆவும்மா," என்றார் நிதானமாக. "கடல்ல விழுந்து போச்சின்னா அது அவசரத் தலைப்பு. ஒரு மாசத்துல வந்துடும். அதிகாரி ஒருத்தர் கண்ணால பாத்திருக்கணும், அவ்ளோதான்."

பிறகு, எஞ்சினைப் படகின் பின்பலகையில் பிடித்திருந்த இரண்டு திருகுகளைக் குனிந்து பார்த்தார்.

"ஏம்பா, அந்த ரெண்டு திருகும் இறுக்கமா இருக்குதா?"

"இறுக்கமாதான் இருக்குது சார்."

"எதுக்கும் இன்னொரு வாட்டி நல்லா பாரு."

இராமதாஸ் பெண்டாட்டியைப் பார்த்தான். "சார் சொல்றாரு இல்ல, நல்லாதான் பாருங்களேன்," என்றாள் அவள்.

அவன் நன்றாகப் பார்த்தான். எஞ்சினைப் படகோடு பிணைத்திருக்க வேண்டிய சங்கிலி கேட்டு எழுதியது இன்னும் மேலிடத்தின் பரிசீலனையில் இருந்தது. அதனால் தடை எதுவும் ஏற்படவில்லை. 'டொப்' என்று ஒரு சத்தம், நாலு குமிழி. கேப்டன் தொப்பியைச் சரிசெய்துகொண்டு, பேரலை ஒன்றைத் தாம் நேரில் கண்டதாக அறிவித்தார்.

பலராமன் வந்து சேர்ந்தபோது முகாம் படகின் பின்பக்கம் மொட்டையாக இருந்தது. எஞ்சின் எங்கே என்றான்.

"அலைண்ணே," என்றான் இராமதாஸ். "பெரிய அலை."

பலராமன் கண்ணாடி போலக் கிடந்த கடலை இப்படியும் அப்படியும் பார்த்தான். தொப்பி போட்டவர் யார் என்று கேட்டான். பட்ஜெட் பார்க்கிறவர் என்றாள் ஹேமலதா.

"அப்ப கயித்த நல்லா இறுக்கிக் கட்டு தம்பி. இவரு முழுசா கரை சேரணும்."

சொன்னபடியே எஞ்சின் வந்தது. கமாண்டர் பந்தல் போட்டார், ரிப்பன் கட்டினார், சோபாக்களை வரிசையாக மணலில் போடச் சொன்னார். முதற்கட்டம் நிறைவேறிவிட்டது என்று தொடங்கி, பதினைந்து ஆண்டுகளில் மூன்றாவதற்கு அவர் பேச்சு வந்திருந்தபோது, இராமதாஸ் தண்ணீரில் நின்றபடி கயிற்றை ஒரே இழுப்பு இழுத்தான்.

எஞ்சின் அலறிப் பிடித்தது. மேடையில் கமாண்டரின் வாய் அசைந்துகொண்டே இருந்தது, கை ஹெலிகாப்டர் இறங்கும் இடத்தைக் காட்டியது, ஒரு சொல்லும் யார் காதிலும் விழவில்லை. முன்வரிசைச் சோபாவில் ஹேமலதா சாய்ந்து உட்கார்ந்து, இருமல் ஏதும் வருகிறதா என்று கேட்டுக்கொண்டிருந்தாள். வரவில்லை. அவள் பலமாகக் கைதட்டினாள். பேச்சுக்குத்தான் என்று நினைத்துக் கமாண்டர் தலைதாழ்த்தி ஏற்றுக்கொண்டார்.