மீன் டின் நுழையாத சட்டை

எழுபத்தாறாம் வருஷ மருத்துவப் பரிசோதனையில், நிலக்கரி பொறுக்கும் மால்சுன் சட்டையோடு நூற்று முப்பத்தொரு கிலோவும் சட்டை இல்லாமல் நாற்பத்தொன்பது கிலோவும் இருந்தாள். கம்பெனி நர்ஸ் எடை மேடையை இரண்டு தரம் தட்டிப் பார்த்தாள். ஒரு வாளித் தண்ணீரை ஏற்றி இறக்கிப் பார்த்தாள். பிறகு சட்டை எண்பத்திரண்டு கிலோ என்று எழுதிவிட்டு அடுத்த ஆளைக் கூப்பிட்டாள். வெளியே வரிசையில் இன்னும் பன்னிரண்டு பெண்கள் நின்றார்கள். ஒரு சட்டைக்கு அதற்கு மேல் நேரம் செலவழிக்க முடியாது.

அது அவள் புருஷன் டோசிக்கின் சட்டை என்று கம்பெனி சொல்லியிருந்தது. மூன்று வருஷம் முன்னால் மூன்றாம் சுரங்கம் இடிந்து பதினோரு பேர் செத்தபோது, முகம் பார்த்து யாரையும் அடையாளம் சொல்ல முடியவில்லை. இடுப்பில் கட்டியிருந்த வட்டப் பித்தளை வில்லையின் எண்ணைப் பார்த்துத்தான் உடல்களைப் பெட்டியில் வைத்து ஆணி அடித்தார்கள். அதே மாதிரி வட்ட வில்லை தொங்கிய அலமாரிகளில் எண் பார்த்துத் திறந்து, உள்ளே இருந்த மாற்றுச் சட்டையை மடித்து அந்தந்தப் பெண்டாட்டி கையில் கொடுத்தார்கள். டோசிக்கின் எண் அறுபத்தெட்டு. தலைகீழாகப் பிடித்தால் அறுபத்தெட்டு எண்பத்தொன்பதாகிவிடும். வட்ட வில்லைக்குத் தலை எது, கால் எது என்று யாருக்கும் தெரியவில்லை. எண்களுக்கு அடியில் கோடு போடும் வழக்கம் அதற்குப் பிறகுதான் வந்தது.

சட்டையைக் கையில் வாங்கியதுமே மால்சுன்னுக்குத் தெரிந்துவிட்டது. டோசிக் குள்ளமான ஆள், ஐம்பத்து நாலு கிலோவுக்கு மேல் ஏறாத உடம்பு. இந்தச் சட்டையிலோ அவனையும் அவளையும் சேர்த்துப் பொத்தான் போடலாம். அவன் சட்டையில் கழுத்துப் பொத்தானை அவள் சிவப்பு நூலால் தைத்திருந்தாள், அன்றைக்குக் கறுப்பு நூல் தீர்ந்துபோயிருந்ததால். அந்தச் சிவப்பு நூலை ஒரு மாதம் கழித்துப் பார்த்தாள். புருஷன் செத்த வீட்டுப் பெண்ணுக்கு நிலக்கரி பொறுக்கும் வேலை என்பது கம்பெனியின் ஏற்பாடு. முதல் நாள், கரி ஓடும் பெல்ட்டுக்கு எதிர்ப்பக்கம் வந்து நின்றவள் ஓக்புன், எண்பத்தொன்பதாம் எண் தால்குவின் பெண்டாட்டி. அக்குளில் கிழிந்து, மூச்சு விட்டால் பொத்தான் தெறிக்கும் போலிருந்த ஒரு சட்டையை மாட்டிக்கொண்டு வந்திருந்தாள். கழுத்துப் பொத்தானில் சிவப்பு நூல். ஓக்புன் மால்சுன்னின் தொளதொளத்த சட்டையை மேலிருந்து கீழே வரை ஒரு தரம் பார்த்தாள். பிறகு இருவரும் குனிந்து கரியிலிருந்து கல்லைப் பொறுக்க ஆரம்பித்தார்கள். ஒருத்தி வாயைத் திறந்தால், புதைத்த இரண்டு குழிகளையும் மறுபடி தோண்ட வேண்டியிருக்கும். மூன்று வருஷமாக இரண்டு பேரும் திறக்கவில்லை.

அந்த மூன்று வருஷமும் சட்டைக்குள் மால்சுன்னின் முதுகுக்குப் பின்னால் ஓர் ஆள் இருந்தார். கண்ணுக்குத் தெரியமாட்டார். கூட்டமான பஸ்ஸில் முதுகை ஒட்டி நிற்கும் மனிதனின் சூடு மட்டும் இருக்கும். தினமும் மதியம் மூன்று மணிக்கு அவர் இருமுவார், கரித்தூள் நெஞ்சில் இறங்கிய ஆம்பளை இருமல். முதலில் பெண்கள் திரும்பிப் பார்த்தார்கள். பிறகு அந்த இருமலை வைத்து, ஷிப்ட் முடிய இன்னும் ஒரு மணி நேரம் என்று கணக்குப் பண்ணிக்கொண்டார்கள். பஸ்ஸில் டிக்கெட் கிழிக்கும் பெண், “ரெண்டு பேரும் உள்ள தள்ளி நில்லுங்க” என்று அவள் முதுகைத் தள்ளிவிடுவாள். தூசி இருமலுக்குப் பன்றிக்கொழுப்பு நல்லது என்று மால்சுன் அவருக்காகத் தான் தின்று பார்த்தாள். இருமல் கொஞ்சம் குறைந்தது.

ஆனால் அவரோடு ஒரு வார்த்தை பேசியதில்லை. அடுத்தவள் புருஷன். ஒற்றை அறை வீட்டில் தனியாக இருக்கிற பொம்பளை, உடை மாற்றும்போதெல்லாம் சட்டையைச் சுவர்ப் பக்கம் திருப்பி ஆணியில் மாட்டிவிட்டு, அவசர அவசரமாக மாற்ற வேண்டியிருந்தது. வாசலில் டோசிக்கின் ரப்பர் செருப்புகள் உள்பக்கம் பார்த்தபடி கிடந்தன. புருஷன் சுரங்கத்துக்குப் போனதும் பெண்கள் அப்படித்தான் திருப்பி வைப்பார்கள், வீட்டுக்குத் திரும்பட்டும் என்று. அவற்றை மறுபடி திருப்ப அவளுக்குக் கை வரவில்லை. டோசிக்குக்கு முன்பல்லில் சந்து. சுரங்கத்துக்குள் சீட்டி அடித்தால் கூரை இறங்கும் என்பதால் பகல் முழுக்க வாயை மூடிக்கொண்டிருப்பான், மேலே வந்ததும் வீடு வரை சீட்டிதான். அரிசி களையும்போது அதைக் கேட்டே உலை வைப்பாள். இப்போது சட்டையின் சூட்டில் முதுகைக் கொடுத்தபடி அரிசி களைந்தாள். தன் ஆள் இல்லைதான். ஆனாலும் ஆள்.

அந்தக் கோடையில் பக்கத்துக் கொட்டகையில் ஒருத்தியின் தொளதொளத்த சட்டைக் கையை பெல்ட் இழுத்துக்கொண்டது. சட்டையின் கை போனது, கூடவே அவள் கையும் முழங்கை வரை போனது. மறுநாள் கூ என்கிற மேஸ்திரி ஒரு காலி மீன் டின்னோடு வந்தார். பெண்கள் சட்டைக்குள் ஆண் கையை விட முடியாது என்பதால் அந்த யோசனை. டின்னை ஒவ்வொருத்தி கையிலும் கொடுத்து, சட்டைக்கும் இடுப்புக்கும் நடுவில் விட்டுப் பார்க்கச் சொன்னார். நுழைந்தால் வேலை கிடையாது.

“எனக்கு டின் என்ன, மூச்சே நுழையறதில்ல மேஸ்திரி” என்றாள் ஓக்புன். எல்லாரும் சிரித்தார்கள்.

மால்சுன்னின் சட்டைக்குள் டின் போய்ப் பின்பக்கமாக வெளியே விழுந்தது.

“ஏம்மா ஜெச்சோன்காரி, இதுக்குள்ள மீன் கடையையே வைக்கலாம் போலிருக்கே.”

“உள்ள ஆள் இருக்குதுங்க.”

“தெரியும்மா. இருமறது எனக்கும்தான் கேக்குது. பெல்ட்டுக்குக் கேக்காதே, அதுக்குத் துணி மட்டும்தான் தெரியும்.” மேஸ்திரி டின்னைப் பொறுக்கி எடுத்து மண்ணைத் துடைத்தார். “திங்கக்கிழமைக்குள்ள புடிச்சுத் தைச்சுட்டு வா. இல்லைன்னா வராத.”

வேறு சட்டை எடுத்திருக்கலாமே என்று கேட்கலாம். எடுத்தால் இந்தச் சட்டை எட்டு மணி நேரம் ஆணியில் தொங்கும், அவள் எட்டு மணி நேரம் வெறும் முதுகோடு நிற்பாள். வேலையை விட்டாலோ கம்பெனி வீட்டைக் காலி பண்ண வேண்டும், பிறந்த ஊரான ஜெச்சோனில் அவளுக்கு யாரும் இல்லை.

ஞாயிற்றுக்கிழமை மத்தியானம், கதவைச் சாத்திவிட்டு, சட்டையை உள்வெளியாகத் திருப்பிப் போட்டுக்கொண்டாள். இரண்டு பக்கமும் தொங்குகிற துணியைக் கிள்ளிப் பிடித்துக் குண்டூசி குத்தினாள். தேய்ந்த சோப்புத் துண்டால், அக்குளிலிருந்து கீழ் மடிப்பு வரை கோடு இழுத்தாள். கழற்றி, கோட்டின் மேல் ஓட்டுத் தையல் போட்டு, அதன்மேல் கெட்டித் தையல் போட்டாள். கட்டைவிரல் அகலம் விட்டு மிச்சத்தை வெட்டினாள். பக்கத்துக்கு ஒன்றாக இரண்டு நீளப் பட்டைகள் கழன்று விழுந்தன. மறுபடி போட்டுப் பார்த்தால் முன்பக்கம் சரியாக இருந்தது. முதுகில் மட்டும் துணி பை மாதிரி தொங்கிக்கொண்டிருந்தது, உள்ளே சூடு அப்படியே இருந்தது. முதுகுப் பக்கம் இரண்டு மடிப்புப் பிடிக்காவிட்டால் டின் நுழைந்துவிடும்.

முதுகை ஒருத்தி தானே பிடிக்க முடியாது. அதற்குப் பின்னால் நிற்க ஓர் ஆள் வேண்டும். அவள் கையைப் பின்னால் வளைத்து ஒரு மணி நேரம் முயன்றாள். ஒரு மடிப்பைப் பிடித்தால் மற்றது நழுவியது, ஊசி இரண்டு தரம் தோலில் ஏறியது. களைத்துப்போய்க் கையைத் தொங்கவிட்டபோது, முதுகுத்தண்டுக்கு இரண்டு பக்கமும் துணி தானாகச் சேர்ந்தது. உள்ளிருந்து இரண்டு விரல்கள் இந்தப் பக்கமும் இரண்டு விரல்கள் அந்தப் பக்கமுமாகத் துணியை அளவாகக் கிள்ளி, அசையாமல் பிடித்துக்கொண்டிருந்தன. தனக்கு ஓர் இம்மி இடம்கூட வைத்துக்கொள்ளாத அளவு.

உடம்பில் போட்டபடியே தைத்தால் வாயில் ஒரு நூலைக் கவ்வ வேண்டும் என்பது அந்த வரிசை வீடுகளின் வழக்கம். கவ்வாவிட்டால் தைப்பவளின் புத்தியும் துணியோடு தைக்கப்பட்டுவிடும். மால்சுன் நூலைக் கவ்விக்கொண்டாள். அதனால்தான், மூன்று வருஷத்தில் முதல் தரமாக அவருக்கு ஏதாவது சொல்ல வேண்டும் என்று தோன்றிய நேரத்தில், அவளால் சொல்ல முடியவில்லை. விரல்கள் இருந்த இடத்தைத் தடவித் தடவிப் பெரிய பெரிய தையலாகப் போட்டாள். கடைசித் தையலை முடித்தபோது விரல்கள் விட்டன. நூலைத் துப்பினாள். முதுகு குளிர்ந்தது. தரையில் கிடந்த இரண்டு பட்டைகளை எடுத்து மடித்தபோது அவை சூடாக இருந்தன.

திங்கட்கிழமை டின் நுழையவில்லை. மேஸ்திரி தலையாட்டிவிட்டுப் போனார். சங்கு ஊதுவதற்கு முன் மால்சுன் பெல்ட்டைச் சுற்றிப் போய் அந்த இரண்டு பட்டைகளையும் ஓக்புன்னிடம் நீட்டினாள்.

“என்னடி இது?”

“பக்கவாட்டுல புடிச்சதுல மிச்சம். உங்க சட்டை அக்குள்ல பிஞ்சு கிடக்குதேக்கா. ரெண்டு பக்கமும் வச்சுத் தைச்சுக்குங்க.”

ஓக்புன் துணியை விரலுக்கிடையில் தேய்த்தாள். மூக்குக்குக் கொண்டுபோனாள். கொஞ்ச நேரம் அங்கேயே வைத்திருந்தாள்.

“கலர் ஒத்துப்போகுது.”

“ஒரே கம்பெனி துணிதானேக்கா.”

“ஆமா. ஒரே கம்பெனி.”

புதன்கிழமை ஓக்புன் கையை நன்றாகத் தூக்கி வேலை செய்தாள். மூன்று மணிக்கு அவள் முதுகிலிருந்து இருமல் வந்தது. ஓக்புன் நிமிரவில்லை, “ராத்திரியெல்லாம் தூங்க விடாத இருமல்யா இது” என்று மட்டும் பெல்ட்டைப் பார்த்துச் சொன்னாள். கண்ணைத் துடைத்ததில் கன்னம் முழுக்கக் கரியானது. இருமல் அடங்கிய பிறகு அதே சட்டைக்குள்ளிருந்து, மூன்று வருஷம் நெருக்கிக் கட்டப்பட்டுக் கிடந்த நெஞ்சு ஒன்று மெல்ல மூச்சு இழுத்தது. பிறகு பல் சந்து வழியாக ஒரு சீட்டி வந்தது.

“ஜெச்சோன்காரி, கல்லு போகுது! எங்க பாக்குற?” என்று மேஸ்திரி கத்தினார். மூன்று கல் போய்விட்டது. நாலாவதை அவள் எடுத்தாள்.

டோசிக்கின் சட்டையைத் திருப்பித் தரச் சொல்லி மால்சுன் கேட்கவில்லை. கேட்டால் அந்த இரண்டு குழிகளையும் தோண்ட வேண்டும். தவிர, தால்குவை இனி அங்கிருந்து பிரிக்க முடியாது, ஓக்புன் பட்டைகளை இரட்டைத் தையலாகப் போட்டிருந்தாள். அடுத்த வருஷப் பரிசோதனையில் ஓக்புன் சட்டையோடு நூற்றுத் தொண்ணூற்றைந்து கிலோ இருந்தாள். மால்சுன் சட்டையோடும் நாற்பத்தொன்பது, சட்டை இல்லாமலும் நாற்பத்தொன்பது. நர்ஸ் இரண்டையும் எழுதிக்கொண்டாள். வீட்டில் மால்சுன் சட்டையைச் சுவர்ப் பக்கம் திருப்பி மாட்டுவதை விட்டுவிட்டாள், அதற்கு இனி அவசியம் இல்லை.

ஷிப்ட் முடிந்ததும் ஓக்புன்னுக்குப் பின்னால் நின்று பஸ் ஏறுவாள். வழி முழுக்கச் சீட்டி கேட்கும், மால்சுன் இறங்குமிடம்தான் முதலில் வந்துவிடும். டிக்கெட் கிழிக்கும் பெண் தினமும் ஓக்புன்னின் முதுகில் கை வைத்துத் தள்ளுவாள். “மூணு பேரும் உள்ள போங்க. பின்னாடி ஒத்தையா நிக்கிற அக்காவுக்கு வழி விடுங்க.” மூவரும் வழி விடுவார்கள். மால்சுன் ஏறிக்கொள்வாள்.