காரணம் கேட்காத வீடு

கல்யாணமாகி வந்த முதல் வாரம், நாத்தனார் அறைக் கதவில் சிவப்பு நாடா கட்டிய ஒரு பிரம்புக் கட்டு தொங்கிக்கொண்டிருந்தது. விளக்குமாறு என்று நினைத்து அதை எடுத்துச் சமையலறையைப் பெருக்கிவிட்டேன். குப்பை இருந்த இடத்திலேயே இருந்தது. நிமிர்ந்தால் மாமனார், என் வீட்டுக்காரர், நாத்தனார் மூன்று பேரும் வாசற்படியில் நின்று என்னைத் திருடியைப் பார்ப்பதுபோல் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

"அது ரோம் நாட்டு அதிகாரம்மா," என்றார் மாமனார். "அதால வீடு பெருக்கினது உலகத்துலயே நீ ஒருத்திதான்."

மாமனார் கல்லூரியில் ஆயுள் முழுக்க ரோமானிய வரலாறு நடத்தியவர். ஓய்வு பெற்ற பிறகு, அந்தக் குடியரசு எப்படி விழுந்தது என்று ஒரு புத்தகம் எழுத உட்கார்ந்தார். குடியரசு விழுந்தபாடில்லை. எழுதியதைத் தட்டச்சு செய்துகொடுப்பது நாத்தனார். அவளும் அதே பாடத்தைத்தான் ஒரு கல்லூரியில் நடத்துகிறாள். என் வீட்டுக்காரர் கண்ணாடிக் கடையில் லென்ஸ் தேய்க்கிறவர். நான் ஒரு பல் டாக்டரிடம் உதவியாளர். நாளெல்லாம் ஊரை வாயைத் திறக்கச் சொல்வதுதான் என் பிழைப்பு.

பிரம்புக் கட்டின் கதை இதுதான். அரசனைத் துரத்திய ரோமானியர்கள், இனி ஒரே ஆள் கையில் நாட்டைக் கொடுப்பதில்லை என்று வருஷத்துக்கு இரண்டு ஆட்சித் தலைவர்களை, கான்சல்களை, தேர்ந்தெடுத்தார்களாம். ஒரு மாதம் ஒருவருக்கு முன்னால் ஆட்கள் பிரம்புக் கட்டைத் தூக்கிக்கொண்டு நடப்பார்கள். அடுத்த மாதம் மற்றவருக்கு. ஒருவர் செய்யப்போவதை மற்றவர் தடுத்தால் அது அங்கேயே நின்றுவிடும்.

"உன் மாமியார் இருந்தவரைக்கும் இந்த வீட்ல முடியாட்சி," என்பார் மாமனார். "அவ போனதும் நாடு அனாதையாயிடுச்சு. இதுங்க ரெண்டும் சண்டை போட்டே என்னையும் அனுப்பிடும்போல இருந்துச்சு. அதான் சட்டம் போட்டேன்."

மாமியார் நான் வருவதற்கு முன்பே ஆபரேஷன் மேசையில் போய்விட்டவர். அதற்குப் பிறகுதான் அண்ணனும் தங்கையும் கான்சல்கள் ஆனார்கள். யார் மாதமோ அவர் அறைக் கதவில் கட்டு தொங்கும். குழாய் ரிப்பேரா, சுவருக்கு என்ன வண்ணமா, எல்லாம் அவர் முடிவு. மற்றவர் "தடை" என்றால் தீர்ந்தது. ஏன் என்று யாரும் கேட்கக் கூடாது. அதிகாரத்தில் சமமானவன் காரணம் சொல்லக் கடமைப்பட்டவன் இல்லை என்பது மாமனாரின் விதி. காரணம் கேட்க ஆரம்பித்தால்தான் சண்டையே தொடங்குகிறது என்பது அவர் கட்சி. அவர் செனட், அதாவது ரோமின் பெரியவர்கள் சபை. ஆலோசனை சொல்வார், ஆணையிட மாட்டார். நான் என்ன என்று கேட்டதற்கு, "நீ மக்கள்," என்றார். நல்ல உத்தியோகம்தான்.

சும்மா சொல்லக் கூடாது, சட்டம் வேலை செய்தது. அக்கம்பக்கத்து வீடுகளில் தட்டு பறந்த நாட்களில் எங்கள் வீட்டில் "தடை" என்று ஒரு குரல் கேட்கும், பிறகு ஃபேன் சத்தம்தான் கேட்கும். மாமனாருக்கு அதில் அப்படி ஒரு பெருமை. எனக்குத்தான் அந்த அமைதியில் பல நாள் சோறு இறங்காது.

ஒரு நாள் மாமனாருக்கு வயிற்று வலி வந்தது. முதலில் வாயு என்றார், பிறகு சுருண்டுவிட்டார். ஆஸ்பத்திரியில் படமெடுத்துப் பார்த்துவிட்டு, குடலில் அடைப்பு, இன்றைக்கே திறந்தாக வேண்டும் என்றார் டாக்டர்.

"வயசுக்கு ரிஸ்க் இருக்கு, இல்லன்னு சொல்லல. ஆனா பண்ணா பொழைக்க நிறைய வாய்ப்பு இருக்கு. சார், நீங்களே கையெழுத்துப் போடலாம்."

மாமனாருக்கு உதடு காய்ந்திருந்தது. சிரித்தார். "நான் செனட், டாக்டர். பசங்க முடிவு பண்ணட்டும்."

அது என் வீட்டுக்காரரின் மாதம். "பண்ணிடலாம்," என்று பேனாவைத் திறந்தார்.

கட்டில் கால்மாட்டில் நாத்தனார் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றாள். "தடை," என்றாள்.

என் வீட்டுக்காரர் அவளையே பார்த்தார். பிறகு பேனாவை மூடினார். இப்போது நினைத்தாலும் எனக்குப் பற்றிக்கொண்டு வருகிறது. உயிர் போகிற இடத்தில் ஒரு மனுஷன் பேனாவை மூடுவானா? இவர் மூடினார். மாமனார் அப்படிப் பழக்கியிருந்தார்.

"ஏன் இப்படி..." என்று நான் வாயைத் திறந்தேன். மாமனார் ஊசி ஏறியிருந்த கையைத் தூக்கினார்.

"கேக்கக் கூடாதும்மா." அந்த வலியிலும் முகத்தில் ஒரு நிறைவு. பிள்ளைகள் சட்டத்தைக் காப்பாற்றிவிட்டார்களாம்.

"எந்தக் காலத்துல சார் இருக்கீங்க?" என்று கத்திவிட்டு டாக்டர் வெளியே போனார். பிறகும் அவர் வந்து வந்து கேட்டுப் பார்த்தார். நாத்தனார் தலையைக் குனிந்தபடி கம்பியைப் பிடித்தே நின்றாள். தங்கையை ஏன் என்று கேட்பார் கேட்பார் என்று நான் என் வீட்டுக்காரரைப் பார்த்தேன். அவர் சுவரைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

மறுநாள் காலை குடல் வெடித்துவிட்டது. அதற்கு மேல் அறுக்கவும் வழியில்லை என்றார்கள். மத்தியானம் மாமனார் போய்விட்டார். ரோமானியர்கள் நாசமாய்ப் போகட்டும் என்று ஆஸ்பத்திரி வராந்தாவில் நின்று வாய்விட்டுச் சபித்தேன். அவர்கள் எப்போதோ போய்ச் சேர்ந்துவிட்டார்கள். என்னை அம்மா அம்மா என்று கூப்பிட்ட மனுஷனும் போய்விட்டார். அழுதழுது எனக்குக் குரலே போய்விட்டது.

வீட்டில் அண்ணனும் தங்கையும் சண்டை போடவில்லை. போட்டிருந்தால் நன்றாக இருந்திருக்கும். இவர் லென்ஸ் தேய்க்கப் போனார், அவள் பாடம் நடத்தப் போனாள். சாப்பாட்டு மேசையில் எதிரெதிரே உட்கார்ந்து தட்டைப் பார்த்துச் சாப்பிட்டார்கள். அவள்தான் கொன்றாள் என்று இவர் நினைக்கிறார், அது அவளுக்கும் தெரிகிறது. நடுவில் நான் பரிமாறிக்கொண்டிருந்தேன்.

மாதம் பிறந்தது. என் வீட்டுக்காரர் எழுந்ததும் எங்கள் அறைக் கதவிலிருந்து பிரம்புக் கட்டை எடுத்துக்கொண்டு போனார். இந்த நிலைமையிலுமா என்று நான் பின்னாலேயே போனேன். தங்கையின் கதவில் ஆணி இருக்கும் இடத்துக்குக் கையை உயர்த்தினார். அவள் உள்ளேயிருந்து வந்தாள்.

"தடை," என்றாள்.

உயர்த்திய கை அப்படியே நின்றது. திரும்பி வந்துவிடுவார் என்றுதான் நினைத்தேன். அவர் கையை இறக்கினார். தொண்டையைச் செருமினார்.

"ஏன்?"

அந்த வீட்டில் அந்தச் சொல்லை அவர் வாயால் நான் கேட்டது அதுதான் முதல் தடவை. நாத்தனார் நிலைப்படியைப் பிடித்துக்கொண்டே சரிந்து உட்கார்ந்தாள். பிறகு அழுதாள். மாமனார் போன அன்றுகூட அவள் அப்படி அழவில்லை.

"அம்மாவுக்கு நான்தாண்ணா கையெழுத்துப் போட்டேன். நீ ஊர்ல இல்ல. உள்ள தள்ளிட்டுப் போறப்ப என் கையப் பிடிச்சுக்கிட்டே போனாங்க, கதவு வந்ததும் நான்தான் விரல எடுத்துவிட்டேன். அப்பாவையும் அந்தக் கதவுக்குள்ள அனுப்ப எனக்குப் பயமா இருந்துச்சு. வேற ஒண்ணுமே இல்ல." மூக்கைத் துடைத்துக்கொண்டாள். "அன்னைக்கு நீ ஏன்னு கேட்டிருந்தா அழுதிருப்பேன். அழுதுட்டு, சரின்னு சொல்லியிருப்பேன்."

என் வீட்டுக்காரர் பிரம்புக் கட்டைப் பிடித்தபடியே அவள் பக்கத்தில் தரையில் உட்கார்ந்தார்.

"எனக்கும் கேக்கணும்னு இருந்துச்சு பாப்பா," என்றார்.