நடை பார்ப்பவள்

பொழுது விடியுமுன்பே ராணுவ பூட்ஸ் பட்டறையில் ஊசிகள் ஓடத் தொடங்கிவிடும். பசை கொதிக்கும் நாற்றம் மூக்கைத் துளைக்கும். தைத்து முடித்த ஒவ்வொரு ஜோடியையும் மாட்டிக்கொண்டு வாசல்வரை நடந்து பார்த்த பிறகுதான் முத்திரை விழும். அது பட்டறையின் பழைய வழக்கம். அந்த வேலை அவளுடையது. அதனால் எல்லோருக்கும் அவள் நடைக்காரி. அவள் புருஷன் போர்முனையில் இருந்தான். அவன் காலுக்கும் இங்கிருந்துதான் பூட்ஸ் போனது.

போர் வந்ததிலிருந்து பாதிக் கூலி போர்க்கடன் பத்திரங்களாகத்தான் வந்தது. ஜெயித்த பிறகு அரசாங்கம் வட்டியோடு திருப்பித் தருமாம். மளிகைக்கடைக்காரர் அதைத் தொட்டுக்கூடப் பார்க்கவில்லை. வீட்டில் குழந்தை பாலுக்கு அழுதது.

அன்று முதலாளி வெளியிலிருந்து மூட்டை மூட்டையாகப் பூட்ஸ் இறக்கினார். எல்லாம் புதுசாம். நடைக்காரி ஒரு ஜோடியை எடுத்துக் காலை நுழைத்தாள். விரலில் எதுவோ இடறியது. உருவினாள். காய்ந்த ரத்தத்தில் விறைத்துப்போன காலுறை.

"செத்தவன் காலுலேர்ந்து உருவினதும்மா," என்றார் மூத்த தையல்காரர், அடியைக் கீறிப் பார்த்துவிட்டு. "மேல பாலிஷ் போட்டு, கீழ அட்டையை ஒட்டிருக்காங்க."

முதலாளி கைக்குட்டையோடு வந்தார். "என்ன கூட்டம்? முத்திரையைக் குத்துங்க. லாரி நிக்குது."

"ஒரு மழைக்குத் தாங்காதுங்க," என்றாள் நடைக்காரி.

"நாடு கஷ்டத்துல இருக்கு. எல்லாரும் தியாகம் பண்ணணும்."

"எங்க கூலியைக் கடனா வாங்கித்தானே அரசாங்கம் உங்களுக்குப் புதுசு விலை குடுக்குது? எங்க வயித்துலயும் அடிச்சு, பொணத்தையும் உரிச்சு விக்கிறீங்களே, தூ!"

"வாயை மூடு. இந்த வேலைக்கு வெளிய எத்தனையோ பேர் காத்துக் கெடக்காங்க."

வேலை போனால் மீதிப் பாதிக் கூலியும் போய்விடும். முத்திரை குத்தினால் இந்த அட்டை புருஷன் காலுக்குப் போகும். நடைக்காரி அந்த ஜோடியைத் தூக்கி முதலாளியின் காலடியில் வைத்தாள்.

"இன்னிக்கு நடை நீங்க பாருங்க முதலாளி. வாசல்வரைக்கும் போயிட்டு வாங்க. குத்திடறேன்."

அவர் கைக்குட்டையை மூக்கில் அழுத்திக்கொண்டு பின்வாங்கினார். யாரோ கொல்லென்று சிரித்தார்கள். மூத்த தையல்காரர் ஊசியைக் கீழே வைத்தார். அடுத்தவரும் வைத்தார். கொஞ்ச நேரத்தில் பட்டறையில் பசை கொதிக்கும் சத்தம் மட்டும்தான் கேட்டது.

"போலீசைக் கூப்பிடறேன்!" என்று முதலாளி அலுவலக அறைக்கு ஓடினார்.

கூப்பிடுவார் என்று எல்லோருக்கும் தெரியும். வெளியே லாரி ஹாரன் அடித்தது. ஒருவரும் எழவில்லை. நடைக்காரி முத்திரையை இடுப்பில் செருகிக்கொண்டு தரையில் உட்கார்ந்தாள். தையல்காரிகள் வந்து இரண்டு பக்கமும் அவள் தோளோடு தோள் ஒட்டி உட்கார்ந்தார்கள்.