வெள்ளிக்கிழமைப் பூச்சியம்

அந்தக் குறிப்புக் கொப்பியை நான் தொடங்கியது 2016 பெப்ரவரி முதலாம் திகதி, திங்கட்கிழமை. கற்பிட்டியில் செவ்வாயும் சனியும் மாலையில் நடக்கும் கரையோர வளங்கள் வகுப்பில் சுதர்சினி மிஸ் எங்கள் எல்லோருக்கும் ஒரே வேலையைக் கொடுத்திருந்தார். உங்கள் ஊரில் இயற்கையின் ஒரு துண்டைத் தெரிவு செய்யுங்கள். இருபத்தெட்டு நாட்கள் பாருங்கள். அது யாருக்கு என்ன கொடுக்கிறது என்று எழுதுங்கள்.

பள்ளிவாசல்துறையில் எங்கள் வீட்டுக்குப் பின்னால் ஓடை ஒன்று களப்பு என்னும் கடற்கழியோடு சேர்கிறது. இரண்டு கரையிலும் உப்புத் தண்ணீரில் வேர் விட்டு நிற்கும் கண்ணா மரங்கள். அதையே எடுத்துக்கொண்டேன்.

ஐஸ் தொழிற்சாலையில் என் வேலை விடிய நான்கு மணிக்குத் தொடங்கிப் பத்துக்கு முடிந்துவிடும். ஆகவே பத்து முதல் ஆறு வரையுள்ள நேரத்தை இரண்டிரண்டு மணித்தியாலமாகப் பிரித்தேன். ஒரு நாளைக்கு நான்கு பெட்டி. இருபத்தெட்டு நாளைக்கு நூற்றுப் பன்னிரண்டு. கவிழ்த்துப் போட்டிருந்த பழைய தோணியில் உட்கார்ந்து, வந்தவர்களின் பெயரையும் எடுத்ததையும் அந்தந்தப் பெட்டியில் எழுதினேன். லுஹர் தொழப் போன கால் மணி நேரத்தையும், வகுப்பு நாட்களில் பஸ்ஸுக்காக ஐந்து மணிக்கே எழுந்ததையும் ஓரத்தில் குறித்தேன். அப்படிக் குறித்தது எனக்கே பெருமையாக இருந்தது என்பதையும் இங்கே எழுதிவிட வேண்டும்.

பயன்களைப் பிரிக்க மிஸ் நான்கு நிரல் தந்திருந்தார்: தருவது, காப்பது, வளர்ப்பது, மனதுக்கு. முதல் மூன்றும் சிரமமில்லை. விறகு, நண்டு, ஆட்டுக்கு இலை. காற்றுக் காலத்தில் அலை வீட்டுப் பக்கம் ஏறாமல் வேர்கள் மறிப்பது. அந்த வேர்களுக்குள் இறால் குஞ்சுகள் ஒளிந்து வளர்வது. நான்காவதில் 'காற்று நல்லது' என்று எழுதி, சின்னப் பிள்ளை எழுதியது போல் இருந்ததால் வெட்டிவிட்டேன்.

மாதம் முடியக் கணக்கு இதுதான். பதினொரு தடவை கொசு மறிக்கும் நுளம்பு வலையால் இறால் குஞ்சு வாரியிருந்தார்கள். ஒன்பது தடவை மரம் வெட்டியிருந்தார்கள். பதினாறு நாள் ஆடு மேய்ந்திருந்தது. நான்கு வெள்ளிக்கிழமைகளிலும் பன்னிரண்டு முதல் இரண்டு வரையுள்ள பெட்டியில் மட்டும் பூச்சியம்.

மார்ச் ஆறாம் திகதி மீனவர் சங்கக் கட்டடத்தில் அட்டவணையை வாசித்தேன். ஓடையைக் காக்க உதவும் திட்டக்காரர் ஒருவரும் வந்திருந்தார். இரண்டு வருடத்துக்கு ஓடைக்குக் கம்பி வலை அடிப்பது, ஒரு கேற் வைப்பது என்று முடிவாயிற்று. மரம் வெட்டவும் நுளம்பு வலை போடவும் முற்றாகத் தடை. நண்டுக்காரருக்கும் இலை ஒடிப்போருக்கும் அனுமதி உண்டு. ஆனால் அட்டவணையில் பெயர் உள்ளவர்களுக்கு, அட்டவணையில் உள்ள நேரத்தில் மட்டும். மற்ற நேரமெல்லாம் கேற்றுக்குப் பூட்டு. அடுத்த ஞாயிறு கையெழுத்து, திங்கள் வேலை ஆரம்பம்.

"ஒரு மாசமா சும்மா தோணியில குந்திக்கொண்டிருக்கான் எண்டுதான் நினச்சன்," என்றார் சங்கத் தலைவர் ஜபார் நானா. "பொடியன் வேல செஞ்சிருக்கான்."

அட்டவணையின் பிரதி ஒன்றைச் சங்கக் கதவில் ஒட்டினார்கள். அந்தக் கிழமை நான் இரண்டு தடவை தேவையில்லாமல் அந்தக் கதவைக் கடந்து போனேன்.

வெள்ளிக்கிழமை வந்தது. உம்மா மௌத்தான பிறகு வீட்டில் நானும் என் அக்கா மரியம் ராத்தாவும்தான், அவர் கணவர் மச்சான் கட்டாரில். மஃரிப் தொழுகைக்குப் பிறகு சாப்பிட உட்கார்ந்தேன். சோற்றுக்குப் பக்கத்தில் பருப்பு மட்டும் இருந்தது, மட்டிச் சிப்பிக் கறியைக் காணவில்லை.

"ராத்தா, மட்டி இல்லையா?"

"மட்டியா? அது எங்கிருந்து வரும்?"

"ஒவ்வொரு வெள்ளியும் வருமே."

"வந்திச்சுத்தான். இப்ப நீதான் ஓடைக்கு ஒருத்தரும் வாறல்ல எண்டு எழுதி ஒட்டிவச்சிருக்கியே. ஒருத்தரும் எடுக்காத மட்டி எப்பிடிச் சட்டிக்குள்ள வரும்? ஒன்ட பூச்சியத்தப் போட்டுத் தின்னு."

பிசைந்த சோறு கையிலேயே இருந்தது.

"நீ பாத்தியா?" என்றார் ராத்தா.

"எத?"

"பூச்சியத்த. கண்ணால பாத்தியா?"

நான் பார்க்கவில்லை. வெள்ளிக்கிழமை பன்னிரண்டுக்கு நான் பள்ளிவாசலில் இருந்தேன். என் வாப்பா வழி, உம்மா வழி ஆண்கள் அத்தனை பேரும் பள்ளியில் இருந்தார்கள். மற்ற நாட்களில் கால் மணி நேரம் எழுந்து போனதைக்கூடக் குறித்த நான் ஜும்ஆவுக்குப் போனதைக் குறிக்கவில்லை. அதை நான் இல்லாத நேரமாக நினைக்கவே இல்லை. ஒருவருமே இல்லாத நேரமாகத்தான் நினைத்தேன்.

ராத்தா சொன்னது சுருக்கமானது. ஊர் ஆண்கள் எல்லோரும் பள்ளிக்குள் இருக்கும் அந்த ஒன்றேகால் மணி நேரத்தில்தான் பெண்களால் உடுப்பை முழங்காலுக்கு மேல் தூக்கிக் கட்டிக்கொண்டு சேற்றில் இறங்க முடியும். ஏழு பேர் போகிறார்கள். ராத்தா அதில் ஒருவர். நான்கு வருடமாக நான் தின்ற மட்டி அங்கிருந்து வந்தது. சந்தையிலிருந்து வருகிறது என்றுகூட நான் நினைத்திருக்கவில்லை. எதுவுமே நினைத்திருக்கவில்லை.

"எனக்குக் கவலயில்ல," என்றார் ராத்தா. "மச்சான் அனுப்புறார். மைமூனாவ நினச்சுப் பாரு."

மைமூனா எங்களுக்கு மூன்றாம் வீடு. அவருடைய கணவர் கபூர் நானா படகு ஏற்றும்போது முதுகில் அடிபட்டு இரண்டு வருடமாகக் கடலுக்குப் போவதில்லை. மூன்று பிள்ளைகள். வெள்ளிக்கிழமை மட்டியை அவித்துச் சதையை எடுத்து, பாதியைக் காயவைத்து, வியாழன் வரை அதையே கறியாக்குகிறார்கள்.

மறுநாள் காலை ராத்தா அவரைப் பின்வாசலுக்கு அழைத்து வந்தார். மைமூனா என் கொப்பியைப் பார்க்கவே இல்லை.

"எழுதத்தான் வேணும்," என்றேன். "எழுதாட்டி வெள்ளிக்கிழமையும் கேற்றப் பூட்டிருவாங்க."

"எழுதினா?"

"பேர் இருந்தா அனுமதி கிடைக்கும்."

"அதச் சங்கத்துல வாசிப்பாங்களா?"

"ஓம்."

"கபூர்ட பொஞ்சாதி மைமூனா, வெள்ளிக்கிழமை பன்னெண்டரைக்கு, முழங்கால் தண்ணியில. ஆம்புளைகள் எல்லாரும் கேக்க வாசிப்பீங்க?"

"வாசிச்சா அடுத்த ஜும்ஆக்குப் பள்ளியில எத்தன பேர் நிக்கிறாங்க எண்டு பாக்கலாம்," என்றார் ராத்தா.

மைமூனா சிரிப்பை அடக்கிக்கொண்டு என்னைப் பார்த்தார். எனக்குச் சிரிப்பு வரவில்லை. எழுதாவிட்டால் பூட்டு அவர்களை மறிக்கும். எழுதினால் கண்கள் மறிக்கும்.

வேறு வழி தெரியாததால் கேள்வி கேட்டேன். எவ்வளவு எடுப்பீர்கள்?

"ஆளுக்கு ஒரு வாளி. ரெண்டாம் வாளி கொண்டு வந்தா அடுத்த கிழமை அவவக் கூப்பிடமாட்டம். பெருவிரலவிடச் சின்னனெல்லாம் திரும்பத் தண்ணிக்கே. கண்ணா மரக் கண்டு முளச்சிருக்கிற பக்கம் மிதிக்கிறல்ல. நோன்பு மாசம் ஒருத்தரும் இறங்குறல்ல."

"அது மட்டி பெருகட்டும் எண்டா?"

"நோன்போட சேத்துல நிக்கேலுமா, தம்பி?"

"அப்ப அது மட்டிக்காக இல்லையே."

"எதுக்காகவோ. மட்டிக்கு ஒரு மாசம் ஓய்வுதானே?"

நோன்பு ஒவ்வொரு வருடமும் பதினொரு நாள் முன்னுக்கு வரும். மட்டி இனம் பெருக்கும் காலம் அதோடு சேர்ந்து நகராது. இதை விளக்கலாமா என்று யோசித்துவிட்டு, கொப்பியில் ஒரு கேள்விக்குறி மட்டும் போட்டேன். பிறகு நான்காவது நிரல் நினைவுக்கு வந்தது.

"மட்டி எடுக்கிறதத் தவிர அங்க வேற என்ன?"

"வேறென்ன," என்றார் மைமூனா.

"சத்தமாக் கதைப்பம்," என்றார் ராத்தா. "போன மாசம் றுக்கியா சேத்துல சறுக்கி விழுந்து, சிரிச்ச சிரிப்புல அவவுக்கு எழும்பேலாமப் போச்சு. ஊருக்குள்ள எங்க நாங்க அப்பிடிச் சிரிக்கிற?"

"அத எழுதிராதீங்க," என்றார் மைமூனா அவசரமாக. "நேரத்த மட்டும் எழுதுங்க. வெள்ளிக்கிழமை பாங்கிலருந்து தொழுக முடியும்வரைக்கும் கேற் திறந்திருக்கோணும். யாருக்கு எண்டு எழுதப்படாது."

பெயர் இல்லாமல் அனுமதி இல்லை என்பதுதான் விதி. அன்று மாலை வகுப்பு முடிந்ததும் சுதர்சினி மிஸ்ஸிடம், ஆட்களைச் சொல்லாமல், நடந்ததைச் சொன்னேன். மிஸ்ஸின் ஊர் சிலாபத்துக்குப் பக்கம், வேதக்காரர்.

"ஞாயிறு பூசை நேரத்தில எங்கட கரையில ஆர் நிக்கினம் எண்டு ஆரும் கேட்டிருந்தா, நானும் ஒருத்தருமில்லை எண்டுதான் எழுதியிருப்பன்," என்றார். "ஆனா றிஸ்கான், பூச்சியம் எண்டா பாத்தும் ஆளில்லை எண்டு அர்த்தம். பாக்காட்டி கோடு. உங்கட மற்றப் பெட்டிகளில எங்கயாவது கோடு இருக்கா?"

பஸ்ஸில் வரும் வழியெல்லாம் தேடினேன். எங்கும் இல்லை. நூற்றுப் பன்னிரண்டு பெட்டியில் தெரியாது என்று சொல்லும் ஒரு பெட்டிகூட இருக்கவில்லை.

ஞாயிறு கூட்டத்தில் கையெழுத்துக்குத் தாளை வைக்கும் முன் எழுந்து நின்றேன்.

"அட்டவணையில ஒரு பிழ இருக்கு. என்ட பிழ. வெள்ளிக்கிழமை மத்தியானம் நான் ஓடைய பாக்கல்ல. பாக்காம பூச்சியம் போட்டுட்டன். அந்த நேரம் கேற் திறந்திருக்கோணும்."

"ஜும்ஆ நேரத்திலயா?" என்றார் ஜவாஹிர் நானா. இறால் வியாபாரி, குரல் பெரியது. "அந்த நேரத்தில ஓடையில யாருடா? ஜின்னா, பேயா?"

எல்லோரும் சிரித்தார்கள்.

"யாரெண்டு எழுதேலா, நானா."

"பேரில்லாம எப்பிடி அனுமதி குடுக்கிற? நாளைக்கு நுளம்பு வலக்காரனும் பேரில்லாம வருவான்."

அவர் சொன்னது நியாயம். உட்காருவதா நிற்பதா என்று தெரியாமல் நின்றேன். திட்டக்காரர் பேனையின் மூடியைத் திறந்தார்.

ஜபார் நானா மூக்குக் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

"ஜவாஹிர், வெள்ளிக்கிழமை ராவைக்கு ஒங்கட வூட்டுல என்ன கறி?"

"இப்ப அது எதுக்கு?"

"சொல்லுங்களன்."

"பருப்பு."

"எங்கட வூட்டுலயும் பருப்புதான்," என்றார் ஜபார் நானா.

"எங்கடயும்," என்றது பின்வாங்கில் ஒரு குரல். இன்னும் இரண்டு பேர் வாய் திறக்காமல் கையை மட்டும் கொஞ்சம் உயர்த்தினார்கள்.

எண்ணுவது என் பழக்கம். கூட்டத்தில் ஐந்து. என் வீட்டோடு ஆறு. ஏழாவது வீட்டுக்காரர் முதுகு வலியால் கூட்டத்துக்கு வருவதில்லை. வியாழன் இரவோ வெள்ளி காலையோ, ஏழு பெண்களும் ஒரே பருப்பை ஆக்குவது என்று பேசி முடித்திருக்கிறார்கள். ராத்தா அதை என்னிடம் சொல்லவில்லை.

ஜவாஹிர் நானா தன் கைகளைப் பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு, "காரணத்துக்குப் பராமரிப்பு எண்டு போடுங்க," என்றார் மெல்ல.

"ஒண்டும் போட வேணாம்," என்றார் ஜபார் நானா. "நேரத்த மட்டும் போடு, றிஸ்கான்."

திட்டக்காரர் காரணம் என்ற இடத்தைக் காட்டினார். ஜபார் நானா அதில் ஒரு கோடு இழுத்துப் பக்கத்தில் கையெழுத்து வைத்தார். பிறகு ஒரு சிக்கல் தெரிந்தது: ஆண்கள் எல்லோரும் பள்ளியில் இருக்கும்போது கேற்றை யார் திறப்பது?

"பூட்டுத் திறப்பு ஒன்ட வூட்டு ஆணியில தொங்கட்டும்," என்றார் ஜபார் நானா. கூட்டம் கலைந்தது.

கம்பி வலை அடிக்க இரண்டு கிழமைக்கு மேல் ஆயிற்று. வேலி முடிந்த பிறகு வந்த முதல் வெள்ளி ஏப்ரல் முதலாம் திகதி. காலையில் ஆணியில் தொங்கிய திறப்பைப் பார்த்தேன், தொடவில்லை. பள்ளியிலிருந்து வரும்போது வழக்கமாக ஓடைக் கரையால் வருவேன், அது கிட்ட. அன்று பெரிய தெருவால் சுற்றி வந்தேன். முன்னால் ஜவாஹிர் நானாவும் அந்த வெயிலில் சுற்றிக்கொண்டுதான் போனார்.

வீட்டில் திறப்பு ஆணியில் இருந்தது. அதன் நுனியிலிருந்து நீர் சொட்டி, வெள்ளைச் சுவரில் சேற்று நிறத்தில் ஒரு கோடு இறங்கியிருந்தது.

நாங்கள் செய்தது சரியா என்று எனக்கு இன்னும் தெரியாது. இரண்டு வருடம் கழித்துத் திட்டக்காரர் வந்து, எத்தனை பேர் எடுத்தார்கள், எவ்வளவு எடுத்தார்கள், மட்டி கூடியதா குறைந்ததா என்று கேட்பார். என்னிடம் எண் இருக்காது. ஒரு வாளி விதியை அந்த ஏழு பேரும் காப்பார்கள் என்று நம்பிக்கொண்டு நிற்பேன். வகுப்பில் இதற்கு எத்தனை புள்ளி கிடைக்கும் என்றும் தெரியாது. அன்றைய பெட்டியில் கோடு போட்டேன். நான்காவது நிரலில் பேனையைக் கொஞ்ச நேரம் வைத்திருந்துவிட்டு எடுத்துவிட்டேன். அங்கே என்ன எழுத வேண்டும் என்று இப்போது எனக்குத் தெரியும்.

மஃரிபுக்குப் பிறகு ராத்தா தேங்காய்ப்பூ போட்ட மட்டிச் சுண்டலைக் கொண்டு வந்து வைத்தார். ஒவ்வொன்றும் பெருவிரலை விடப் பெரியதா என்று என்னையறியாமல் பார்த்தேன்.

"ராத்தா, யாராவது ரெண்டாம் வாளி கொண்டுவந்தாங்களா?"

"ஒனக்கு அது எதுக்கு?" என்றார் ராத்தா. "தின்னு."